ஐம்பத்து மூவாயிரத்து அறுநூற்று நாற்பத்தொன்று

கணக்கு டீச்சர் பி.டி. பீரியடைப் பிடுங்கிக்கொள்வதுதான் ஊர் உலக வழக்கம். மஸல் பே பள்ளியில் அந்தக் குளிர்காலத்தில் அது தலைகீழாக நடந்தது. எட்டாம் வகுப்பு பி பிரிவுக்குக் கணக்கு எடுத்துக்கொண்டிருந்தவர், மெல்பர்னில் நல்ல வேலை கிடைத்ததென்று பருவம் தொடங்கிய கையோடு கப்பலேறிப் போய்விட்டார். ஆஸ்திரேலியத் தீவான டாஸ்மானியாவின் வடமேற்கு மூலையில், காற்றும் உருளைக்கிழங்கும் மட்டும் தாராளமாகக் கிடைக்கிற ஊருக்கு, நடுக்குளிரில் இன்னொரு கணக்கு டீச்சர் எங்கிருந்து வருவார்? தலைமையாசிரியை கிளெனிஸ் கால அட்டவணையை மேலும் கீழும் பார்த்தாள். விளம்பரம் கொடுத்தாள். ஒருவரும் விண்ணப்பிக்கவில்லை. கடைசியில் ஒருநாள் காலை, பந்துகள் வைத்திருக்கும் அறைக்கு நேராக நடந்து வந்தாள்.

பி.டி. டீச்சர் கெரின் மேடக்ஸ் அங்கே வலைப்பந்துகளுக்குக் காற்றடித்துக்கொண்டிருந்தாள். ஐம்பத்திரண்டு வயது. கழுத்தில் விசில், காலில் சேறு படிந்த ஷூ. அந்த ஊரில் அவளிடம் ஓடிப் பழகாதவர்கள் குறைவு. மீன் கடைக்காரனும் போலீஸ்காரியும்கூட அவளைத் தெருவில் பார்த்தால் தொந்தியை உள்ளே இழுத்துக்கொள்வார்கள்.

"ரெண்டே ரெண்டு வாரம், கெரின்," என்றாள் கிளெனிஸ்.

"எது ரெண்டு வாரம்?"

"எட்டு பி. கணக்கு."

கெரின் பம்பை நிறுத்தினாள். "விளையாடறியா? எனக்கும் கணக்குக்கும் பேச்சுவார்த்தை நின்னு முப்பத்தஞ்சு வருஷம் ஆச்சு."

"புஸ்தகம் இருக்கு. பின்பக்கம் விடை இருக்கு. உன்னைத் தவிர வேற யாருக்கும் அந்த நேரம் காலியா இல்ல. பசங்களுக்கும் உன்னைப் பிடிக்கும்."

"வாராவாரம் பீப் டெஸ்ட் ஓட வைக்கிறவளை யாருக்கு கிளெனிஸ் பிடிக்கும்?"

"அப்ப பயமாவது இருக்கும்ல? அது போதும்."

பீப் டெஸ்ட் என்பது அந்த நாட்டுப் பிள்ளைகள் எல்லோருக்கும் பொதுவான துன்பம். இருபது மீட்டர் இடைவெளியில் இரண்டு கோடுகள். ஒலிபெருக்கியில் 'பீப்' என்று சத்தம் வரும்போது எதிர்க்கோட்டைத் தொட்டிருக்க வேண்டும். போகப்போக பீப் நெருங்கி நெருங்கி வரும். தொட முடியாதவர் வெளியே. கெரின் அதை வெள்ளிக்கிழமைதோறும் வைத்தாள். மழையோ காய்ச்சலோ சாக்காகச் சொன்னால், "மெதுவா ஓடு" என்பாள்.

அன்று வீட்டில், கால் என்ற பெயர் கொண்ட அவள் கணவன், அடுப்பிலிருந்து ஸ்காலப் சிப்பிக்கறி அடைத்த 'பை' பண்டத்தை எடுத்து வைத்துவிட்டு, மேசைமேல் கிடந்த கணக்குப் புத்தகத்தைப் புரட்டினான். அவனுக்கு வெங்காயக் கிடங்கில் வேலை. எதையும் ஒருமுறை முகர்ந்து பார்ப்பது வழக்கம். புத்தகத்தையும் முகர்ந்தான்.

"முழு வர்க்க எண்களை அடையாளம் காணுதல்," என்று சத்தமாகப் படித்தான். "இதுதான் பாடமா, கெரின்?"

"நாளைக்கு. ஒரு எண்ணை அதே எண்ணால பெருக்கினா வர்றது முழு வர்க்கம். மூணு மூணு ஒன்பது. நாலு நாலு பதினாறு. இது வரைக்கும் எனக்குப் புரியுது."

"அப்புறம்?"

"அப்புறம் ஒரு பெரிய நம்பரைக் குடுத்து, இது முழு வர்க்கமா இல்லையான்னு கேக்குறான். அங்கதான் நான் மாட்டிக்கிறேன்."

கால் சிரித்தான். அவள் சிரிக்கவில்லை. பள்ளி நாட்களில் கரும்பலகைக்கு முன்னால் சாக்குக்கட்டியோடு நின்ற அந்தப் பழைய பயம் இன்னும் அப்படியேதான் இருந்தது. மாரத்தான் ஓடியிருக்கிறாள். அந்தப் பயம் ஓட்டத்தில் வந்ததில்லை.

முதல் வகுப்பு எதிர்பார்த்தபடியே ஊத்திக்கொண்டது. புத்தகத்தில் இருந்ததைப் பலகையில் எழுதினாள். பிள்ளைகள் அதைப் பார்த்து எழுதினார்கள். பின்வரிசையில் இரண்டு பேர் ரப்பர் துண்டுகளைச் சுண்டி விளையாடினார்கள். ஜன்னலுக்கு வெளியே கடற்கரைக் காற்று கொடிக்கம்பத்துக் கயிற்றை டங் டங்கென்று அடித்துக்கொண்டிருந்தது. எல்லோரும் அதைத்தான் கவனமாகக் கேட்டார்கள், அவளும்தான்.

வகுப்பு முடிய ஐந்து நிமிடம் இருக்கும்போது டார்னி கையைத் தூக்கினாள். எட்டு பி-யின் வாய் அவள். யாருக்கு என்ன குறை என்றாலும் முதலில் டார்னிதான் பேசுவாள். யாருக்கும் குறை இல்லையென்றால் அவளே ஒன்றைக் கண்டுபிடிப்பாள்.

"மிஸ், ஒரு டவுட்டு. உங்களுக்குக் கணக்கு வருமா?"

வகுப்பு சட்டென்று விழித்துக்கொண்டது.

"சுமாரா வரும்," என்றாள் கெரின்.

"அப்ப ஒரு நம்பர் சொல்றேன். நாப்பத்தெட்டாயிரத்து அறுநூத்து இருபத்தேழு. இது முழு வர்க்கமா, இல்லையா? கால்குலேட்டர் இல்லாம சொல்லுங்க."

டார்னி அந்த எண்ணை எதையும் யோசித்துத் தேர்ந்தெடுக்கவில்லை. பார்க்க அவலட்சணமாக இருக்கவேண்டும் என்பது மட்டும்தான் அவள் எண்ணம். ஆனால் முந்தின நாள் வீட்டில் அந்த ஸ்காலப் பை ஆறிக்கொண்டிருந்தபோது, புத்தகத்தின் ஓரத்தில் சின்னக் கட்டத்துக்குள் இருந்த ஒரு வரியைக் கெரின் இரண்டு தடவை படித்திருந்தாள். முழு வர்க்கம் ஒருபோதும் இரண்டு, மூன்று, ஏழு, எட்டில் முடியாது. அந்த ஒரு வரிதான் அவளிடம் இருந்த மொத்த ஆயுதம்.

"இல்ல," என்றாள்.

"எப்படி மிஸ் இவ்ளோ சீக்கிரமா?"

"செக் பண்ணிக்கோ."

பக்கத்து இருக்கை லாக்கி மேசைக்கடியில் கால்குலேட்டரைத் தட்டினான். "ஏய், நிஜமாவே இல்லடி. இருநூத்து இருபது புள்ளி என்னென்னவோ வருது."

"குருட்டாம்போக்கு," என்றாள் டார்னி. "மறுபடி ஒரு நம்பர் கொண்டு வர்றேன்."

"கொண்டு வா. வெள்ளிக்கிழமை கொண்டு வா," என்றாள் கெரின். அவளுக்கே தெரியாமல் குரலில் மைதானம் வந்துவிட்டது. "ஒரு நிமிஷம் டைம். நான் தப்பா சொன்னா, அன்னிக்கு பீப் டெஸ்ட் கிடையாது."

ரப்பர் சுண்டியவர்கள் சுண்டுவதை நிறுத்தினார்கள். பிறகு மேசைகள் அதிர்ந்தன.

"நீங்க சரியா சொன்னா?" என்று கேட்டாள் டார்னி, கண்ணைச் சுருக்கி.

"வழக்கம்போல ஓட்டம்."

"அப்ப நீங்களும் ஓடணும் மிஸ். எங்ககூட. கடைசி வரைக்கும்."

"சரி."

அடுத்த நாள் டார்னியே ஒரு குழுவைச் சேர்த்துக்கொண்டு வந்தாள். முதல் நாள் மிஸ் எப்படிச் சொன்னாள் என்பதுதான் அவர்களுக்குத் தூக்கத்தைக் கெடுத்த விஷயம். கெரின் மறைக்கவில்லை. கடைசி இலக்கத்தைப் பார்த்தேன் என்றாள்.

"அதெப்படி மிஸ், கடைசி நம்பரை மட்டும் பார்த்து?" என்றான் லாக்கி. "முன்னாடி எவ்ளோ பெரிய நம்பர் இருந்தாலுமா? ஏன்?"

ஏன் என்று புத்தகத்தின் கட்டம் சொல்லவில்லை. கெரினுக்கும் தெரியாது. பலகைக்குத் திரும்பினாள். அந்தப் பழைய பயம் எட்டிப் பார்த்தது. பொருட்படுத்தாமல் சாக்குக்கட்டியை எடுத்தாள். "தெரியாது. வா, பார்த்துடலாம்."

பூஜ்யத்திலிருந்து ஒன்பது வரைக்கும் வரிசையாக வர்க்கங்களை எழுதினாள். பூஜ்யம், ஒன்று, நான்கு, ஒன்பது, பதினாறு, இருபத்தைந்து, முப்பத்தாறு, நாற்பத்தொன்பது, அறுபத்து நான்கு, எண்பத்தொன்று. பிறகு பூஜ்யத்தை விட்டுவிட்டு மற்றவற்றின் கடைசி இலக்கங்களைச் சுற்றி வட்டம் போட்டாள். ஒன்று, நான்கு, ஒன்பது, ஆறு, ஐந்து, ஆறு, ஒன்பது, நான்கு, ஒன்று.

"ஹே, கண்ணாடி மாதிரி இருக்கு!" என்று முன்வரிசையில் ஒரு பெண் கத்தினாள். "நடுவுல அஞ்சு. ரெண்டு பக்கமும் ஒண்ணேதான்."

கெரின் பின்னால் நகர்ந்து நின்று பார்த்தாள். ஆமாம். இத்தனை வயதில் இதை அவள் பார்த்ததே இல்லை. யாரோ தெருக்கோடியில் கட்டிய அழகான வீட்டை, தினம் அந்த வழியாகப் போயும் கவனிக்காமல் விட்டதுபோல இருந்தது.

"சரி, பெரிய நம்பருக்கு?" என்று விடாமல் கேட்டான் லாக்கி.

டார்னி எழுந்து வந்து சாக்குக்கட்டியைப் பிடுங்கிக்கொண்டாள். நூற்று இருபத்து மூன்றை அதே எண்ணால் பெருக்க ஆரம்பித்தாள். முதல் வரி எழுதியதும் நின்றாள். "கடைசி இடத்துக்கு மூணும் மூணும் மட்டும்தான்டா சேருது. மத்த இலக்கமெல்லாம் சும்மா நின்னு வேடிக்கை பார்க்குது. அவ்ளோதான்!" சொல்லிவிட்டு, எதிரிக்கு உதவி செய்துவிட்டோமே என்ற முகத்தோடு இடத்துக்குப் போய் உட்கார்ந்தாள்.

அந்த வெள்ளிக்கிழமை அவர்கள் இரண்டு, மூன்று, ஏழு, எட்டு எல்லாவற்றையும் கவனமாகத் தவிர்த்து ஏழாயிரத்து முந்நூற்றுப் பதினைந்தைக் கொண்டுவந்தார்கள். கெரின் அதற்குள் சமையலறையில் உட்கார்ந்து ஐந்தில் முடியும் எண்களை ஒவ்வொன்றாகப் பெருக்கிப் பார்த்திருந்தாள். எல்லாமே இருபத்தைந்தில்தான் முடிந்தன. பதினைந்தில் முடிந்தால் வேலைக்காகாது. பத்து விநாடியில் விடை சொன்னாள். அன்று எல்லோரும் ஓடினார்கள். கெரினும் ஓடினாள். லாக்கி மூச்சிரைத்து வெளியேறியபிறகும், டார்னி மூச்சிரைத்து வெளியேறியபிறகும் ஓடினாள்.

பிறகு ஒரு வாரம் நாற்பத்தொன்பதாயிரம் வந்தது. நாற்பத்தொன்பது முழு வர்க்கம்தானே, பின்னால் பூஜ்யங்களைத் தொங்கவிட்டால் மிஸ் ஏமாந்துவிடுவாள் என்று கணக்குப் போட்டிருந்தார்கள்.

"பூஜ்யம் ஜோடி ஜோடியாத்தான் வரும் கண்ணுங்களா," என்றாள் கெரின். "பத்தைப் பத்தால பெருக்கு, ரெண்டு பூஜ்யம். நூறை நூறால பெருக்கு, நாலு. இங்க மூணு இருக்கு. ஒண்ணு தனியா நிக்குது, பாவம். ஷூவைக் கட்டுங்க."

இரண்டு வாரம் என்று சொன்னது எப்போதோ முடிந்திருந்தது. கிளெனிஸ் அதைப் பற்றிப் பேசவில்லை. கெரினும் கேட்கவில்லை. தனக்கு வந்திருப்பது என்ன நோய் என்று அவளுக்கே புரியவில்லை. கணவன் பர்னி நகரத்துக்கு வண்டி ஓட்டிக்கொண்டு போகும்போது, வழியில் பண்ணை வீடுகளின் தபால்பெட்டி எண்களை அவள் வாய் முணுமுணுத்தது.

"ஆயிரத்து இருநூத்துத் தொண்ணூத்தாறு! கால், நிறுத்து, நிறுத்து!"

அவன் பிரேக்கில் காலை வைத்தான். "என்னாச்சு? வல்லபியோ கங்காருவோ ஏதாவது குறுக்க வந்துச்சா?"

"முப்பத்தாறு முப்பத்தாறு! அந்தப் பால்பண்ணைக்காரன் வீட்டு நம்பர் முழு வர்க்கம்!"

கால் அவளையும் தபால்பெட்டியையும் மாறி மாறிப் பார்த்தான். "அவன்கிட்டப் போய்ச் சொல்லிட்டு வரட்டுமா? சந்தோஷப்படுவான்."

"கிண்டல் பண்ணாத. வண்டியை எடு."

"முப்பது வருஷமா உன்கூட இந்த ரோட்டுல போறேன். நீ மாடு நல்லா இருக்கான்னுதான் பார்ப்ப. இப்ப நம்பர் நல்லா இருக்கான்னு பார்க்கிற." அவன் வண்டியைக் கிளப்பினான். கொஞ்ச தூரம் போனதும், "அது என்ன, முந்நூத்து அறுபத்தொண்ணு? அது ஆகுமா?" என்று தானாகவே கேட்டான்.

"பத்தொன்பது," என்றாள் கெரின். இருவரும் அடுத்த தபால்பெட்டியைத் தேடிக்கொண்டே போனார்கள்.

வகுப்பில் அவள் சொல்லித் தந்த விதமும் மாறியிருந்தது. புத்தகத்தின் சொற்கள் அவள் வாயில் ஒட்டவில்லை. அதனால் தனக்குத் தெரிந்த சொற்களில் சொன்னாள். பள்ளியின் வலைப்பந்து அணிக்கு ஆள் எடுப்பதைச் சொன்னாள். "முதல்ல ஓடவிடறோம். ஓட முடியாதவ வீட்டுக்குப் போகலாம். ஓடினவ டீம்ல சேர்ந்துட்டான்னு அர்த்தமா? இல்ல. அடுத்த சோதனைக்கு வரலாம், அவ்வளவுதான். கடைசி இலக்கம் முதல் சோதனை. அதுல ஃபெயிலானா கண்டிப்பா முழு வர்க்கம் இல்ல. பாஸானா, இருக்கலாம். இருக்கலாம்தான், இருக்குன்னு இல்ல." எண்களுக்கு மஞ்சள் அட்டையும் சிவப்பு அட்டையும் காட்டினாள். எட்டில் முடிகிற எண்ணைப் பலகையில் எழுதினால் வகுப்பே எழுந்து நின்று சிவப்பு அட்டை கேட்டுக் கத்தியது. பக்கத்து வகுப்பு ஆங்கில டீச்சர் இரண்டு முறை வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போனார்.

ஒரு புதன்கிழமை லாக்கி ஏதோ வீடியோ பார்த்துவிட்டு, தாங்கமுடியாத மகிழ்ச்சியோடு வந்தான். எண்ணின் இலக்கங்களையெல்லாம் கூட்டவேண்டுமாம். வந்ததை மறுபடி கூட்டவேண்டுமாம். கடைசியில் ஒற்றை இலக்கம் வரும். அது ஒன்று, நான்கு, ஏழு, ஒன்பது இவற்றில் ஒன்றாக இல்லாவிட்டால் அந்த எண் முழு வர்க்கமே கிடையாதாம். கெரின் அவனோடு சேர்ந்து பன்னிரண்டு எண்களுக்குச் சோதித்துப் பார்த்தாள். பிசகவே இல்லை.

அந்த வாரம் டார்னி ஆறாயிரத்து எண்ணூற்று இருபத்து நான்கைக் கொண்டுவந்தாள். இருபத்து நான்கில் முடிகிற முழு வர்க்கங்கள் உண்டு. பதினெட்டின் வர்க்கமே முந்நூற்று இருபத்து நான்கு. கடைசி இலக்கத்தை வைத்து மிஸ் பிடிக்கமுடியாது என்று அவள் நிச்சயமாக இருந்தாள்.

கெரின் விரலை மடக்கிக் கூட்டினாள். "ஆறும் எட்டும் பதினாலு, ரெண்டு பதினாறு, நாலு இருபது. ரெண்டும் பூஜ்யமும் ரெண்டு. ரெண்டு வரக்கூடாது. சிவப்பு அட்டை."

எல்லாத் தலைகளும் லாக்கி பக்கம் திரும்பின.

"டேய், நீ எந்த டீம்டா?" என்றாள் டார்னி. "எதிரிகிட்டப் போய்த் துப்பாக்கியைக் குடுத்துட்டு வந்திருக்கியே!"

"நல்லா இருந்துச்சு, அதான் சொன்னேன்," என்றான் லாக்கி பரிதாபமாக. அன்று ஓடும்போது மூன்று பேர் அவன் காலைத் தட்டிவிடப் பார்த்தார்கள்.

அதற்கடுத்த திங்களன்று கிளெனிஸ் மறுபடியும் பந்து அறைக்கு வந்தாள். முகம் மலர்ந்திருந்தது. லான்செஸ்டனிலிருந்து ஒரு பையன் கிடைத்துவிட்டான், கேலம் டியர்னி, படிப்பு முடித்த கையோடு வருகிறான், வெள்ளிக்கிழமை வந்து வகுப்புகளைப் பார்ப்பான், அடுத்த வாரத்திலிருந்து கணக்கெல்லாம் அவன் பொறுப்பு. "உனக்கு விடுதலை!" என்றாள்.

"நல்லது," என்றாள் கெரின். "ரொம்ப நல்லது." அவள் கையிலிருந்த பந்து ஏற்கெனவே கல்போல் இருந்தது. அதற்கு இன்னும் காற்றடித்துக்கொண்டே இருந்தாள்.

செய்தி மதியத்துக்குள் எட்டு பி-க்குப் போய்விட்டது. யாரும் அவளிடம் ஒன்றும் கேட்கவில்லை. ஆனால் அந்த வாரம் முழுக்க அவர்கள் விசித்திரமாக அமைதியாக இருந்தார்கள். இடைவேளையில் ஒரு பெஞ்சைச் சுற்றி வட்டமாக நின்று தாள்களில் எதையோ பெருக்கினார்கள். பள்ளிப் பேருந்திலும் அதுவே நடந்ததாக ஓட்டுநர் கெரினிடம் சொன்னார். "பின்சீட்டுல யாரும் சண்டை போடல. எனக்குப் பயமாயிருக்கு. ஏதாவது திட்டமா?"

வெள்ளிக்கிழமை காலை. பின்வரிசையில் கிளெனிஸும் அவள் பக்கத்தில் கேலமும் உட்கார்ந்திருந்தார்கள். கேலம் ஒல்லியான பையன். புதுச் சட்டையின் மடிப்புக்கோடுகள் இன்னும் போகவில்லை. எட்டு பி-யைப் பற்றி அவனிடம் யாரோ சொல்லியிருக்க வேண்டும். கதவுக்குப் பக்கத்து நாற்காலியைப் பார்த்துப் பிடித்திருந்தான்.

டார்னி எழுந்து போய்ப் பலகையில் எழுதினாள். 53,641.

"ஒரு நிமிஷம், மிஸ்," என்றாள். லாக்கி கடிகாரத்தைப் பிடித்துக்கொண்டான்.

கெரின் எண்ணைப் பார்த்தாள். ஒன்றில் முடிகிறது, முதல் சோதனை பாஸ். கடைசி இரண்டு இலக்கம் நாற்பத்தொன்று. இருபத்தொன்றின் வர்க்கம் நானூற்று நாற்பத்தொன்று, அதுவும் சரி. கூட்டினாள். ஐந்தும் மூன்றும் எட்டு, ஆறு பதினான்கு, நான்கு பதினெட்டு, ஒன்று பத்தொன்பது. ஒன்றும் ஒன்பதும் பத்து. ஒன்று. பாஸ். எல்லாக் கதவுகளும் திறந்துகொண்டன. இவர்கள் இத்தனை நாளும் 'இல்லை' என்ற விடைக்குரிய எண்களையே கொண்டுவந்தார்கள். கடைசி நாளில் தந்திரத்தை மாற்றி நிஜமான ஒன்றைக் கொண்டுவந்திருக்கிறார்கள், நான் பழக்கதோஷத்தில் 'இல்லை' என்று சொல்வேன் என்று எதிர்பார்க்கிறார்கள். கெட்டிக்காரப் பிசாசுகள். அவளுக்கு உள்ளூரப் பெருமையாக இருந்தது. கேலமைப் பார்த்தாள். அவன் உதட்டைக் கடித்துக்கொண்டு கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"பத்து செகண்டுதான் இருக்கு," என்றான் லாக்கி.

"ஆமா," என்றாள் கெரின். "இது முழு வர்க்கம்."

லாக்கி கடிகாரத்தை மேசைமேல் வைத்தான். பிறகு டார்னி, அவளுக்கு வராத நிதானத்தோடு, சாக்குக்கட்டியை எடுத்தாள். எண்ணுக்கு இடப்பக்கம் 231 என்று எழுதி, அதன்கீழ் 53,361 என்று எழுதினாள். வலப்பக்கம் 232, அதன்கீழ் 53,824.

"இருநூத்து முப்பத்தொண்ணு போட்டா பத்தல. இருநூத்து முப்பத்திரண்டு போட்டா கூடிடுது. நடுவுல வேற முழு நம்பர் உக்கார இடமே இல்ல மிஸ்." பிறகு நிதானம் உடைந்துபோய்க் கூச்சலிட்டாள்: "சோதனையில பாஸானா டீம்ல சேர்ந்துட்டான்னு அர்த்தமில்லன்னு யாரு சொன்னது? யாரு சொன்னது மிஸ்?"

கூரை தூக்கிக்கொண்டு போய்விடும்போல இருந்தது. மேசைமேல் ஏறி நின்றார்கள். லாக்கியை இருவர் தூக்கினார்கள். துரோகி என்ற பெயர் அன்றோடு போயிற்று. எல்லாச் சோதனையும் தேறுகிற, ஆனால் முழு வர்க்கம் இல்லாத எண் ஒன்று வேண்டும் என்று சொன்னதே அவன்தானாம். கால்குலேட்டரைத் தொடாமல், பேருந்திலேயே, இரண்டு பக்கத்தையும் கையால் பெருக்கிச் சரிபார்த்திருந்தார்கள். டார்னியின் தாள்களில் பஸ் குலுங்கிய இடமெல்லாம் பேனா வழுக்கியிருந்தது.

கெரின் பலகையைப் பார்த்துக்கொண்டே நின்றாள். அவள் சொல்லித்தந்த பாடத்தாலேயே அவளை மண்ணைக் கவ்வவைத்திருக்கிறார்கள். எத்தனையோ போட்டிகளில் தோற்றிருக்கிறாள். இப்படி வாய்கொள்ளாமல் சிரித்துக்கொண்டு தோற்றதில்லை.

"சிவப்பு அட்டை எனக்குத்தான்," என்றாள்.

மணியடித்ததும் கேலம் தயங்கித் தயங்கி வந்தான். "நான் உடனே இருநூத்து முப்பதைப் பெருக்கிப் பார்த்தேன். ஐம்பத்திரண்டாயிரத்துத் தொள்ளாயிரம். அதுலேர்ந்து ரெண்டு படி ஏறினதும் தெரிஞ்சுடுச்சு. உங்களுக்குச் சொல்லிடக்கூடாதேன்னு நாக்கை மடிச்சு வெச்சுக்கிட்டிருந்தேன்."

"நல்லவேளை, சொல்லல. சொல்லியிருந்தா அவங்க உங்களை உயிரோட விட்டிருக்க மாட்டாங்க." பிறகு கேட்டாள்: "பக்கத்துல இருக்கிற ரவுண்டான நம்பரை முதல்ல பெருக்கறதா? அது எனக்குத் தோணவே இல்ல. சொல்லித் தாங்களேன்."

அவன் சொல்லித் தந்தான். அவள் கையில் எழுதிக்கொண்டாள். எழுதும்போதே, யோசிக்காமலே வாயிலிருந்து வந்துவிட்டது. "கேலம், ஒண்ணு கேக்கவா? எட்டு பி-யை என்கிட்டயே விட்டுடறீங்களா?"

அவன் முகத்தில் தெரிந்த நிம்மதியை மறைக்க அவனால் முடியவில்லை. "நிஜமாவா? அதாவது, எனக்கு ஆட்சேபணை இல்ல. நான் ஒன்பதும் பத்தும் எடுத்துக்கறேன். ஆனா... இவங்க எப்பவும் இப்படித்தான் மேசை மேல ஏறுவாங்களா?"

"கணக்குல மட்டும்தான்."

மதிய உணவு நேரத்தில் கிளெனிஸ் சாண்ட்விச்சைப் பாதியில் நிறுத்தினாள். "கணக்கோட பேச்சுவார்த்தையே இல்லன்னு சொன்னவ நீதானே?"

"அப்ப சொன்னேன்."

"அப்ப உன்னோட ஒரு பி.டி. பீரியடை யாரு எடுக்கறது?"

"கேலமே எடுக்கட்டும். நல்ல நீளமான காலு. நான் பழக்கிவிடறேன்."

கிளெனிஸ் சாண்ட்விச்சைக் கீழே வைத்தாள். பிறகு கால அட்டவணையை இழுத்து, பென்சிலால் எதையோ அடித்து, எதையோ எழுதினாள். "ரெண்டு வாரம்னுதான் நான் சொன்னேன்," என்று முணுமுணுத்தாள்.

மதியம் பீப் டெஸ்ட் கிடையாது என்பதால் கெரின் அவர்களைக் கடற்கரைக்கு நடத்திக்கொண்டு போனாள். மழை விட்டு, வெயில் சாய்வாக அடித்தது. காற்று மட்டும் நிற்கவில்லை. பாஸ் நீரிணைக்கு மேலே மேகங்கள் கிழக்கே விரைந்துகொண்டிருந்தன. மீன் கடைக்காரன் சூடாகப் பொரித்த உருளைக்கிழங்கை இரண்டு பெரிய பொட்டலமாகக் கட்டிக்கொடுத்தான். யாரையும் ஓடச் சொல்லவில்லை. ஆனால் மணலைக் கண்டதும் அவர்களாகவே ஓடினார்கள். கடற்பறவைகளைத் துரத்தினார்கள், ஒருவரையொருவர் துரத்தினார்கள், ஈரமணலில் விழுந்து எழுந்து மறுபடி ஓடினார்கள். கெரின் ஒரு மரக்கட்டைமேல் உட்கார்ந்து, பிளாஸ்கிலிருந்து தேநீர் ஊற்றிக்கொண்டாள்.

டார்னி வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். ஷூவிலிருந்த மணலைக் கொட்டினாள். 

"அந்த சார் நல்லவரா மிஸ்?" என்று கேட்டாள்.

"ரொம்ப நல்லவர். ஒன்பதாம் வகுப்புக்குப் போனா உனக்கு அவர்தான்."

"ஒன்பதாம் வகுப்புக்கா? அப்ப அடுத்த வாரம் யாரு?"

"அடுத்த வாரம் நான்தான். கிளெனிஸ்கிட்ட கேட்டு வாங்கிட்டேன்."

டார்னி கடலைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாள். காதுகள் சிவந்திருந்தன, காற்றினாலும் இருக்கலாம். "நாங்க ஒண்ணும் உங்களைத்தான் வேணும்னு கேக்கல," என்றாள். "புது ஆளைப் பழக்கறது கஷ்டம், அதான்."

"தெரியும்," என்றாள் கெரின். "உருளைக்கிழங்கு ஆறுது, எடுத்துக்கோ."

தண்ணீர் விளிம்பில் லாக்கி ஒற்றைக் காலில் குதித்துக்கொண்டிருந்தான். அவனுடைய ஒரு ஷூவை அலை இழுத்துக்கொண்டு போய்க்கொண்டிருந்தது. ஐந்தாறு பேர் முழங்கால் வரை நனைந்து, ஆளுக்கொரு பக்கம் கத்திக்கொண்டு, அதன் பின்னால் போனார்கள். டார்னி வாயில் உருளைக்கிழங்கோடு எழுந்து, "டேய் முட்டாளுங்களா, வலப்பக்கமாப் போங்கடா, வலப்பக்கம்!" என்று கத்திக்கொண்டே அவர்களை நோக்கி ஓடினாள்.